மஞ்சள் விளக்கை அணைத்தவன்

சனிக்கிழமை காலை ஒன்பதரைக்குக் கார் வீடு திரும்பியது.

இருபத்துமூன்று நாட்களாக வெறுமையாகக் கிடந்த இடத்தில், கொழும்பு வெள்ளவத்தை அடுக்குமாடிக் கட்டடத்தின் கீழ்த்தளத்தில், கழுவித் துடைத்த மினுக்கத்தோடு வந்து நின்றது. இரத்மலானைக் கராஜிலிருந்து அதை ஓட்டிவந்த மெக்கானிக், எஞ்சினின் மேல்பாகம் முழுவதையும் கழற்றிப் பூட்டியாயிற்று, ரேடியேட்டர் ஃபேனும் புதிது, இனிப் பயமில்லை என்று சிங்களத்தில் விளக்கிவிட்டுச் சாவியைப் பாலசுந்தரத்திடம் நீட்டினார்.

பாலசுந்தரம் சாவியை வாங்கிக்கொண்டு மகனைத் திரும்பிப் பார்த்தார்.

“சுதன், உன்ரை போனை எடு. வடிவாப் பாத்திட்டுத்தான் இவரை அனுப்பவேணும்.”

காலையில் கார் வருகிறது என்று கேள்விப்பட்ட நேரத்திலிருந்து உமாசுதன் பயந்துகொண்டிருந்தது இந்த ஒரு வசனத்துக்குத்தான்.

புறக்கோட்டையில் வாங்கிய தீப்பெட்டி அளவான கறுப்புக் கருவி ஒன்று அவனிடம் இருந்தது. ஸ்டியரிங்குக்குக் கீழே இருக்கும் பொருத்தியில் அதைச் செருகிவிட்டுப் போனில் செயலியைத் திறந்தால், காரின் வயிற்றுக்குள் நடப்பதெல்லாம் திரைக்கு வந்துவிடும். எந்தப் பாகம் முறையிடுகிறது, எப்போது முறையிட்டது, அந்த நேரம் எஞ்சின் எவ்வளவு கொதித்தது, கார் ஓடிக்கொண்டிருந்ததா நின்றுகொண்டிருந்ததா, ஒன்றும் மிச்சமில்லை. கொள்ளுப்பிட்டியில் ஒரு வங்கியின் கணினிப் பிரிவில் வேலை செய்கிற உமாசுதன் அதை வாங்கி ஆறு மாதம்கூட ஆகவில்லை. அதற்குள் கட்டடத்தில் பாதிப் பேர் தங்கள் காருக்கு என்ன வருத்தம் என்று அவனிடம்தான் கேட்டார்கள். ஓய்வுபெற்ற பொறியியலாளரான அப்பாவுக்கு அதில் வாயால் சொல்லாத ஒரு பெருமை.

அதே கருவியால்தான் அவன் அந்தக் காரியத்தைச் செய்தான். அது அவனுக்கும் டிரைவர் வேலுசாமிக்கும் மட்டும் தெரிந்தது. அதிலும் பாதிதான் வேலுசாமிக்குத் தெரியும்.

மூன்று வாரங்களுக்கு முன் ஒரு வியாழக்கிழமை. அம்மா நாகேஸ்வரியைக் கண் கிளினிக்கில் காட்டிவிட்டு வேலுசாமி திரும்பிக்கொண்டிருந்தார். பதினான்கு வருடமாக அந்த வீட்டுக்குக் கார் ஓட்டுகிறவர். உச்சி வெயில். காலி நகருக்குப் போகும் பெருவீதியில் வாகனங்கள் நத்தையாக ஊர்ந்த இடத்தில் எஞ்சின் கொதித்துப் புகை கிளம்பியது. அம்மாவை இறக்கி நிழலில் நிற்கவைத்துவிட்டு அவர் பொனட்டைத் திறந்தபோது குழாய் வெடித்துக் கொதிநீர் பீறிட்டது. வலது கை முழங்கையிலிருந்து மணிக்கட்டு வரைக்கும் வெந்துபோயிற்று.

அன்று மாலை கையில் கட்டோடு வந்து வாசலில் நின்ற மனிதரிடம் பாலசுந்தரம் இரண்டு கேள்விதான் கேட்டார். காலையில் தண்ணீர் பார்த்தாயா? பார்த்தேன் ஐயா. அதற்கு முன் கார் ஏதாவது காட்டியதா, விளக்கு ஏதும் எரிந்ததா?

இரண்டாவது கேள்விக்கு வேலுசாமி உடனே பதில் சொல்லவில்லை. ஒரு கணம் நின்றார். அவருடைய கண் கதிரையில் உட்கார்ந்திருந்த உமாசுதனிடம் போய்த் திரும்பியது. பிறகு, “இல்லைங்க ஐயா” என்றார்.

அந்த ஒரு கணத் தயக்கத்தை வைத்தே அப்பா தீர்ப்பு எழுதிவிட்டார். இவன் தண்ணீர் பார்க்கவில்லை, பொய் சொல்கிறான், நாளையிலிருந்து வர வேண்டாம்.

உமாசுதன் கதிரையைவிட்டு எழும்பவே இல்லை.

இப்போது அப்பா முன்னிருக்கையில் அவன் பக்கத்தில் உட்கார்ந்து, கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கி, போன் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். எஞ்சின் ஓடியது. தண்ணீரின் சூடு எழுபது, எண்பது, தொண்ணூறு என்று ஏறியது. தொண்ணூற்றாறைத் தொட்டதும் முன்னால் ஃபேன் இரைச்சலோடு சுழலத் தொடங்க, எண் மெல்ல இறங்கிற்று. வெளியே நின்ற மெக்கானிக் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினார்.

“நல்ல சாமான்,” என்றார் பாலசுந்தரம். “அண்டைக்குக் கிளினிக்குக்கு வெளிக்கிட முதல் இதாலை ஒருக்காப் பாத்திருந்தால் தெரிஞ்சிருக்குமோ?”

“தண்ணி குறைஞ்சிருந்தால் இது காட்டாது அப்பா.”

அது உண்மைதான். அந்தக் கருவி தண்ணீரின் மட்டத்தைக் காட்டாது. பொய் சொல்வதற்கு இப்படியும் ஒரு வழி இருக்கிறதே என்று நினைத்து அவனுக்கே கூசியது.

அப்பா தலையாட்டினார். எஞ்சின் போனதுகூடப் பரவாயில்லை, பதினான்கு வருடம் வீட்டுப் பிள்ளை மாதிரி இருந்தவன் முகத்துக்கு நேரே பொய் சொன்னானே, அதைத்தான் பொறுக்க முடியவில்லை என்றார். இதை அவர் சொல்வது முதல் தடவையல்ல. ஒவ்வொரு தடவையும் சொல்லி முடித்துவிட்டுக் கொஞ்ச நேரம் எங்கேயோ பார்த்துக்கொண்டிருப்பார். வேலுசாமி போனதில் அவருக்கும் வலி இருக்கிறது என்று உமாசுதனுக்குத் தெரியும். அந்த வலியும் தன் கணக்கில்தான் சேரும் என்றும் தெரியும்.

பதினொரு மணியளவில் அப்பாவின் போன் அடித்தது.

மறுபக்கம் பேசியவர் டில்ஷானி என்கிற பெண். கொள்ளுப்பிட்டியில் ஒரு டாக்டரின் மனைவி. வீட்டுக்கு டிரைவர் தேடுகிறார்களாம். வேலுசாமி என்பவர் வந்து கேட்டிருக்கிறார். முன்பு வேலை செய்த இடம் என்று இந்த எண்ணைத்தான் கொடுத்தாராம். ஆள் எப்படி என்று கேட்டார்.

உமாசுதன் சாப்பாட்டு மேசையில் இருந்தான். அப்பாவின் பக்கத்துப் பேச்சு மட்டும் அவனுக்குக் கேட்டது. அரைவாசி ஆங்கிலம், அரைவாசி சிங்களம். நேர்மையான ஆள், குடிப்பதில்லை, நேரத்துக்கு வருவார் என்றார். அவன் மனதுக்குள் ஒரு சின்ன நம்பிக்கை தலைதூக்கியது. அதற்கு அடுத்த மூச்சில் அப்பா சொன்னார்: ஆனால் வாகனத்தைக் கவனிக்கமாட்டார், அவருடைய கவனக்குறைவால் என் மனைவி நடுவீதியில் நிற்கவேண்டி வந்தது, கேட்டால் மறைப்பார், நீங்கள் கேட்டதால் உள்ளதைச் சொல்கிறேன், நான் உங்கள் இடத்தில் இருந்தால் எடுக்கமாட்டேன்.

போனை வைத்துவிட்டு, ஒரு கடமையைச் செய்து முடித்த முகத்தோடு பத்திரிகையை எடுத்தார்.

உமாசுதன் எழுந்து அறைக்குள் போனான். மனைவி யதுஷா பின்னாலேயே வந்து கதவைச் சாத்தினாள். வெள்ளவத்தையிலேயே ஒரு பாடசாலையில் கணிதம் படிப்பிக்கிறவள். முகத்தைப் பார்த்தே பிழை எங்கே என்று கண்டுபிடிக்கிற பழக்கம்.

“மூண்டு கிழமையா நீங்கள் ஒழுங்காச் சாப்பிடேல்லை,” என்றாள். “கார் கதை எடுத்தால் எழும்பிப் போறியள். இப்ப மாமா போனில கதைச்சு முடிய உடனை இங்கை வந்திட்டியள். என்ன நடந்தது?”

அவன் போனைத் திறந்து, செயலியில் பழைய அறிக்கைகள் கிடந்த பக்கத்தைக் காட்டி அவளிடம் கொடுத்தான்.

அவள் கட்டிலில் உட்கார்ந்து வாசித்தாள். எரிந்தது கார் முகப்பின் மஞ்சள் எஞ்சின் விளக்கு என்றும், கோளாறு ரேடியேட்டர் ஃபேனின் மின்சுற்றில் என்றும் அதில் இருந்தது. அந்தக் கணத்தில் தண்ணீரின் சூடு நூற்றெட்டு பாகை. காரின் வேகம் பூச்சியம். ஞாயிறு பின்னேரம் நான்கு இருபதுக்குப் பதிவு அழிக்கப்பட்டது.

“ஃபேன் வேலை செய்யேல்லை எண்டு உங்களுக்குத் தெரியுமோ?”

தெரியும் என்றான். அந்த ஞாயிற்றுக்கிழமை வேலுசாமிதான் வந்து விளக்கு எரிகிறது என்று சொன்னார். கொட்டாஞ்சேனையில் தெரிந்த கராஜ் இருக்கிறது, காட்டிக்கொண்டு வரவா என்றும் கேட்டார். வேண்டாம், நான் பார்க்கிறேன் என்று கருவியைச் செருகினான். நூற்றெட்டு என்ற எண்ணைக் கண்டான். பத்து நிமிடம் எஞ்சினை ஓடவிட்டுப் பார்த்தபோது சூடு தொண்ணூற்றைத் தாண்டவில்லை. சென்சர் ஏதோ பிழையாகச் சொல்லியிருக்கிறது என்று முடிவுகட்டி அழித்துவிட்டான். விளக்கும் அணைந்துவிட்டது. சரியாகிவிட்டது அண்ணை, நீங்கள் ஓடுங்கள் என்று வேலுசாமியிடம் சொன்னான்.

யதுஷா திரையை மேலே தள்ளினாள். அவளுடைய விரல் நின்றது.

“புதன்கிழமை இரவு ஏழு மணிக்கு இன்னொண்டு கிடக்கு. ரெண்டு தரமோ?”

“ஓம்.”

“அதுவும் நூற்றெட்டு?”

“நூற்றுப் பதினொண்டு.”

அவள் போனைக் கட்டிலில் வைத்தாள். பிறகு, இப்போதே போய் மாமாவிடம் சொல்லுங்கோ என்றாள். முதலில் வேலுசாமி அண்ணையைப் பார்த்துவிட்டு வந்து சொல்கிறேன் என்றான் அவன்.

“அவரைப் பாக்கப் போறது உங்கட மனம் ஆறுறதுக்கு,” என்றாள் யதுஷா. “மாமாவிட்டைச் சொன்னால்தான் அவருக்கு ஏதும் நடக்கும்.”

அவள் சொன்னது சரி என்று தெரிந்துகொண்டே அவன் வேலுசாமி இருக்கிற மட்டக்குளிக்குப் போகும் பஸ்ஸில் ஏறினான்.

கொட்டாஞ்சேனையில் பஸ் பாதி காலியானது. ஜன்னலோரம் இடம் கிடைத்தும் அவன் உட்காரவில்லை. போய் என்ன சொல்வது என்று மனதுக்குள் அடுக்கிப் பார்த்தான். எதை முதலில் வைத்தாலும் கடைசியில் தன் நியாயமே பெரிதாகத் தெரிந்தது.

வேலுசாமியின் வீடு தொடர்மாடியொன்றின் மூன்றாவது தளத்தில். கதவைத் திறந்தது அவருடைய மனைவி மயிலம்மா. தையல் ஆலையில் அரைநாள் வேலை முடித்து அப்போதுதான் வந்திருந்தாள். அவனைக் கண்டதும் முகம் மலர்ந்துவிட்டது. அதுதான் அவனுக்கு முதல் அடி.

பிளாஸ்டிக் கதிரையைத் துடைத்துப் போட்டாள். வேண்டாம் என்றாலும் கேளாமல் பிளேன்டீ ஊற்றிக் கொடுத்தாள். அம்மாவின் கண் எப்படி இருக்கிறது என்று விசாரித்தாள். இவர் ஐஸ் உடைக்கிற வேலைக்கு மீன்வாடிக்குப் போகிறார், புண் ஆறிவிட்டது, ஆனால் தோல் இன்னும் பிஞ்சாக இருக்கிறது, ஐஸில் கை வைத்தால் எரிகிறதாம், சொல்லமாட்டார், தூங்கும்போது முனகுவார் என்றாள். என்ன நடந்தது என்று எத்தனை தடவை கேட்டாலும், என் தப்புதான் என்பதற்கு மேல் ஒரு வார்த்தை வருவதில்லையாம்.

பிறகு குரலைத் தாழ்த்தினாள்.

“டாக்டர் வீட்டம்மா இன்னைக்கு ஐயாவுக்கு போன் போடுறேன்னு சொன்னாங்களாம். போட்டாங்களா தம்பி?”

“போட்டவங்கள்.”

“ஐயா கோவக்காரர்தான். ஆனா உள்ளதைத்தான் சொல்லுவார். அந்த நம்பிக்கையிலதான் அவர் நம்பரைக் குடுக்கச் சொன்னேன்.”

கோப்பையை அவன் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான்.

சற்று நேரத்தில் வேலுசாமி வந்தார். அந்தப் புழுக்கத்திலும் முழுக்கைச் சட்டை. மணிக்கட்டு வரைக்கும் பொத்தான் பூட்டியிருந்தது. அவனை அங்கே எதிர்பார்க்கவில்லை என்பது ஒரு கணம் தெரிந்தது. வாங்க தம்பி என்றார். மனைவியின் முகத்தையும் அவன் முகத்தையும் மாறிமாறிப் பார்த்துவிட்டு, ரோட்டு வரைக்கும் நடந்துகொண்டே கதைக்கலாம் என்று வெளியே அழைத்துப்போனார்.

களனி கங்கை கடலில் சேருகிற பக்கம் படகுகள் கரையேறிக் கிடந்தன. அந்த வழியில்தான் நடந்தார்கள்.

டாக்டர் வீட்டு வேலை கிடைக்காது என்பதை உமாசுதன் முதலில் சொன்னான். அப்பா என்ன சொன்னார் என்பதையும் மறைக்கவில்லை. வேலுசாமி நடையை நிறுத்தாமல் கேட்டுக்கொண்டார். ஐயாவின் பார்வையில் அது சரிதானே என்றார்.

பிறகு உமாசுதன் வழியெல்லாம் யோசித்து வைத்திருந்ததைச் சொன்னான். வங்கியில் வாகனப் பிரிவைப் பார்க்கிறவர் தன் சினேகிதர். ஒரு வார்த்தை சொன்னால் டிரைவர் வேலை கிடைக்கும். எங்கள் வீட்டில் வாங்கியதைவிடச் சம்பளம் கூட. அப்பாவுக்குத் தெரியவேண்டிய அவசியமே இல்லை.

வேலுசாமி கடைசிவரை குறுக்கிடாமல் கேட்டார்.

“வேலையை நான் தேடிக்குவேன் தம்பி,” என்றார். “பதினாலு வருசத்துல தண்ணி பாக்காம ஒருநாளும் நான் சாவி போட்டதில்ல. தண்ணி பாக்காதவன்னு ஒருத்தர் என்னைச் சொல்லிக்கிட்டிருக்கார். அதை மட்டும் எடுத்து விட்டுருங்க. வேற ஒண்ணும் வேணாம்.”

அவர் குரலில் கோபம் இருந்திருந்தால் உமாசுதனுக்குச் சற்று இலகுவாக இருந்திருக்கும்.

“அண்டைக்கு அப்பா கேக்கேக்கை நீங்கள் ஏன் அண்ணை என்னைச் சொல்லேல்லை?”

“நீங்க சொல்லுவீங்கன்னுதான் உங்களைப் பாத்தேன். நீங்க சொல்லல. சரி, என் முன்னால வேணாம்னு நினைக்கிறார், நான் போனதும் சொல்லுவார்னு நினைச்சேன். மறுநாள் காலையில போன் வரும்னு பக்கத்துலயே வச்சிக்கிட்டிருந்தேன். அப்புறம் ஞாயித்துக்கிழமை வரும்னு நினைச்சேன்.” அவர் ஆற்றைப் பார்த்தார். “இன்னையோட இருபத்துமூணு நாள்.”

அவரும் நாள் எண்ணியிருக்கிறார்.

இனி மறைக்க ஒன்றும் இருக்கக்கூடாது என்று உமாசுதன் நினைத்தான். புதன்கிழமையைப் பற்றிச் சொன்னான். விளக்கு மறுபடியும் எரிந்ததை அன்று மாலை தானே கண்டான். மறுநாள் அம்மாவின் கிளினிக். இரண்டு மாதம் காத்திருந்து எடுத்த திகதி. அப்பா விளக்கைக் கண்டால் காரை எடுக்கவிடமாட்டார். கருவி வைத்திருக்கிற நீ முன்பே கவனிக்கவில்லையா என்று கேட்பார். ஒரு நாள்தானே, வெள்ளிக்கிழமை கராஜுக்குக் கொண்டுபோகலாம் என்று கீழே போய் மறுபடியும் அழித்துவிட்டான்.

வேலுசாமி நின்றார்.

“நான் வீட்டுக்குப் போன பொறகா?”

“ஓம் அண்ணை.”

“ரெண்டாவது வாட்டி எரிஞ்சது எனக்குத் தெரியாதே தம்பி.” அவர் முகத்தில் இவ்வளவு நேரமும் இருந்த நிதானம் மெல்லக் கலைந்தது. “தெரிஞ்சிருந்தா நான் அம்மாவை ஏத்தியிருக்க மாட்டேன். ஐயா அடிச்சாலும் ஏத்தியிருக்க மாட்டேன். ஏதோ நம்ம ரெண்டு பேரும் சேர்ந்து செஞ்ச தப்பு, நீங்க சொன்னதைக் கேட்டு நானும் ஓட்டினேனேன்னுதான் இத்தனை நாளும் வாயை மூடிக்கிட்டிருந்தேன்.”

திரும்பித் தொடர்மாடிப் பக்கம் நடந்தார். யார் வந்தாலும் பஸ் ஏற்றிவிட்டுப் போய்ட்டு வாங்க என்று சொல்லாமல் திரும்பாத மனிதர். அன்று திரும்பிப் பார்க்காமலே போனார்.

உமாசுதன் வீடு வந்து சேர்ந்தபோது விளக்கு வைக்கிற நேரம். சாமியறையில் ஊதுவத்தி வாசம். அப்பா தொலைக்காட்சியில் செய்தி பார்த்துக்கொண்டிருந்தார். அம்மா மேசையில் இடியப்பத் தட்டை வைத்துக்கொண்டிருந்தாள். யதுஷா அவன் முகத்தைப் பார்த்தாள். ஒன்றும் கேளாமல் தொலைக்காட்சியை நிறுத்தினாள்.

ஏன் நிற்பாட்டினீர் பிள்ளை என்று அப்பா திரும்பினார்.

“நான்தான் உங்களோடை ஒரு விசயம் கதைக்கவேணும் அப்பா,” என்று உமாசுதன் போனை அவர் கையில் கொடுத்தான். சொல்வதற்கு அடுக்கி வைத்த வார்த்தைகள் ஒன்றுமே அந்நேரம் உதவவில்லை. “வேலுசாமி அண்ணை பொய் சொல்லேல்லை. தண்ணி பாத்தவர். ஃபேன்தான் முதலே பழுது. எனக்குத் தெரியும்.”

பாலசுந்தரம் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தார். வாழ்நாள் முழுக்க இப்படி எண்களை வாசித்த மனிதர். அவசரப்படவில்லை. முதல் அறிக்கையை இரண்டு தடவை வாசித்தார். அடுத்ததையும் அப்படியே.

“நூற்றெட்டு,” என்றார். “கார் நிண்ட இடத்திலை. நீ இதை வாசிச்சிட்டு அழிச்சனியோ, வாசிக்காமல் அழிச்சனியோ?”

“வாசிச்சனான்.”

“விளங்கேல்லையோ?”

“முதல் தரம் சென்சர் பிழையெண்டு நினைச்சனான்.”

“ரெண்டாந்தரம்?”

“ரெண்டாந்தரம் தெரியும் அப்பா. ஒரு நாள் தாங்குமெண்டு நினைச்சிட்டன்.”

அப்பா போனை மடியில் வைத்தார். அவர் கத்துவார் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அவர் கேட்டது வேறு.

“வேலு கையில கட்டோடை வாசல்ல நிண்ட நேரம் நீ எங்கை இருந்தனி?”

“இந்தக் கதிரையில.”

“நான் வரவேண்டாம் எண்டு சொன்னது கேட்டதோ?”

“கேட்டது.”

“இண்டைக்குக் காலமை அந்த டாக்டர் வீட்டுப் பிள்ளையோடை போனில கதைச்சது?”

“அதுவும் கேட்டது.”

மேசைப் பக்கத்தில் ஒரு தட்டு நழுவிச் சத்தம் போட்டது. நாகேஸ்வரி கதிரையின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“அவனை மட்டும் கேக்காதையுங்கோ,” என்றாள். “எனக்கும் தெரியும்.”

உமாசுதன் திடுக்கிட்டுத் திரும்பினான்.

அம்மா யாரையும் பார்க்காமல் சொன்னாள். அன்று கை வெந்து துடித்துக்கொண்டு வேலுசாமி வீதியோரம் குந்தியிருந்தாராம். அவருடைய கையில் அவள் போத்தல் தண்ணீரை ஊற்றிக்கொண்டிருந்தாள். வலியில் அவர் தன்பாட்டில் முணுமுணுத்தார்: தம்பி பாத்துட்டேன்னாரே, விளக்கு அணைஞ்சிருச்சே.

“எனக்கு அப்பவே விளங்கினது. இவன்தான் ஏதோ செய்திருக்கிறான் எண்டு. வீட்டை வந்து நீங்கள் வேலுவை நிற்பாட்டேக்கை நான் சமையலறைக்குள்ள நிண்டனான். வெளியில வரேல்லை. பிள்ளையைக் காட்டிக்குடுக்க மனம் வரேல்லை. என்னை நிழலில இருத்திப்போட்டுப் போய்த்தான் அந்த மனுசன் கையைச் சுட்டுக்கொண்டது.”

இருபத்துமூன்று நாட்களாக அம்மா தன்னோடு சரியாகக் கதைக்காததை உமாசுதன் அன்றைய விபத்தால் வந்த பயம் என்றே நினைத்திருந்தான். இருவரும் ஒரே வீட்டில், ஒரே பாரத்தை, ஆளுக்கொரு மூலையில் சுமந்திருக்கிறார்கள்.

பாலசுந்தரம் மருமகளைப் பார்த்தார். தனக்கு இன்றைக்குக் காலையில்தான் தெரியும் மாமா என்றாள் யதுஷா. அவர் தலையை ஆட்டினார். எழுந்தபோது கதிரைப் பிடியை இறுக்கமாக ஊன்ற வேண்டியிருந்தது.

முதலில் டில்ஷானிக்குப் போன் எடுத்தார். காலையில் தான் சொன்னது பிழை என்றார். தவறு அந்த டிரைவருடையது அல்ல, என் வீட்டு ஆட்களுடையது, அவரை விசாரிக்காமல் நிறுத்தியது நான் என்றார். மறுபக்கத்திலிருந்து வந்த பதிலைக் கேட்டுவிட்டு நன்றி சொல்லி வைத்தார். வேறொரு ஆளுக்கு மத்தியானமே சொல்லியாயிற்றாம்.

பிறகு வேலுசாமிக்கு எடுத்தார். நின்றபடியே காதில் வைத்திருந்தார். மணி நெடுநேரம் அடித்தது.

“வேலு, நான் பாலசுந்தரம் கதைக்கிறன். தண்ணி நீ பாத்தனி. எனக்கு இப்ப தெரியும். நான் உன்னைப் பிழையா நினைச்சுப்போட்டன். வெளியிலயும் பிழையாச் சொல்லிப்போட்டன்.”

மறுபக்கத்தில் வேலுசாமி என்ன சொன்னார் என்பது மற்ற மூவருக்கும் கேட்கவில்லை. அப்பா குறுக்கே பேசாமல் கேட்டுக்கொண்டே இருந்தார். ஒரு தடவை கண்ணாடியைக் கழற்றினார். ஒரு தடவை உமாசுதனைத் திரும்பிப் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இல்லை. அவன் யார் என்று புதிதாகப் பார்க்கிறவர் போல இருந்தது. கடைசியில், “சரி. அதுக்கு நான் ஒப்புக்கொள்ளுறன்” என்று சொல்லிப் போனை வைத்தார்.

“வேலைக்கு வருவாரோ அப்பா?”

“ஒண்டு கேட்டவர்,” என்றார் பாலசுந்தரம்.

பதினான்கு வருடத்தில் வீட்டுக்குள் கதைக்கும்போது அப்பா வேலுசாமியை ‘அவர்’ என்று சொல்லி உமாசுதன் கேட்டதில்லை.

“என்ன கேட்டவர்?”

“அதை உன்னட்டை இப்ப சொல்லவேண்டாமெண்டும் கேட்டவர். நாளைக்குக் காலமை ஆறு மணிக்கு வெளிக்கிடு. மட்டக்குளிக்குப் போறம். மயிலம்மாவுக்கு முன்னாலை கதைக்கவேணுமாம்.”

நாகேஸ்வரி, நானும் வரவேணுமோ என்று மெதுவாகக் கேட்டாள்.

“நீதான் முதல் வரவேணும்,” என்று சொல்லிவிட்டுப் பாலசுந்தரம் அறைக்குள் போனார். மேசையில் இடியப்பம் ஆறிக்கொண்டிருந்தது. யாரும் உட்காரவில்லை.